ஆடி அமாவாசையன்று தனிக்கொட்டகையில் நடந்தது: மீட்கப்பட்ட 16 மாடுகள், ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

பொள்ளாச்சிக்குப் பக்கத்தில் ஒரு பழைய தென்னந்தோப்பில் மீட்கப்பட்ட மாடு, ஆடு, கழுதை, கோழி எல்லாவற்றையும் வைத்துப் பார்த்துக்கொள்கிறோம். பால் கறப்பதில்லை, விற்பதில்லை, வந்த உயிர் கடைசி வரைக்கும் இங்கேதான். இந்தச் சம்பவம் நடந்த ஆடி மாதத்தில் மாடுகள் மட்டும் 41 இருந்தன, வேலைக்கு 4 பேர். அவர்களில் மூத்தவர் சின்ன வயதிலிருந்தே மாட்டோடு கிடந்தவர், நாங்கள் எல்லோரும் அண்ணா என்றுதான் கூப்பிடுவோம். மாடு நிற்கும் நிற்பைப் பார்த்தே அவர் பாதி சொல்லிவிடுவார்.

பொள்ளாச்சிச் சந்தை செவ்வாயும் வியாழனும் கூடும். வெளி மாவட்டங்களிலிருந்தும் ஆந்திரப் பக்கமிருந்தும் மாடுகள் வந்து இறங்கி, பெரும்பாலும் கேரளாவுக்குப் போகும். மாடு வாங்கி விற்பது குற்றமில்லை. ஏற்றிக்கொண்டு போகிற விதத்தில்தான் கொடுமை இருக்கிறது. சாதாரண சரக்கு வண்டியில் 6 மாடுகளுக்கு மேல் ஏற்றக் கூடாது, பயணத்துக்குத் தகுதியானவை என்று கால்நடை மருத்துவர் சான்று வேண்டும் என்று 1978ஆம் ஆண்டின் விலங்குப் போக்குவரத்து விதிகள் சொல்கின்றன. அந்தத் திங்கள் இரவு போலீஸ் நிறுத்திய லாரியில் 17 இருந்தன.

போன் வந்தபோது இரவு மணி 11:40. "எடுத்துக்க முடியுமாங்க?" என்று கேட்டார்கள். நான் எண்ணிக்கை கேட்டேன், ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை, சரி என்றேன். இதை இங்கேயே எழுதி வைக்கிறேன், பின்னால் வரும் பல விஷயங்களுக்கு வேர் இந்த 'சரி'யில்தான் இருக்கிறது.

லாரி வந்த இரவு

ஒன்றரை மணிக்கு லாரி தோப்புக்குள் வந்தது. ஆடிக் காற்று பாலக்காட்டுக் கணவாய் வழியாகப் பேயாய் அடித்துக்கொண்டிருந்தது, கூடவே சாரல். தார்ப்பாயை அவிழ்த்ததும் முதலில் வந்தது நாற்றம், அப்புறம்தான் சத்தம். மூக்கணாங்கயிறுகளைப் பக்கவாட்டுக் கம்பியில் ஒரு சாண் விட்டுக் கட்டியிருந்தார்கள், தலையைத் தாழ்த்தவே முடியாதபடி. நடுவில் ஒன்று ஏற்கெனவே செத்து, மற்றவற்றின் காலுக்கடியில் கிடந்தது.

இறக்குவதற்குச் சாய்தளம் இல்லை. இதுவரை வந்தவை எல்லாம் ஒன்றிரண்டாக வந்ததால் சமாளித்துவிட்டோம். அண்ணா லாரியை எருக்குழி மேட்டுக்குப் பின்வாங்கச் சொன்னார், இடைவெளியில் வைக்கோல் கட்டுகளைப் போட்டு மிதித்துச் சமப்படுத்தினார், பிறகு கருக்கருவாளோடு ஏறி ஒவ்வொரு கயிறாக அறுத்துவிட்டார். அவசரமாக இருந்த டிரைவர் குதிக்க வைத்துவிடலாம் என்றபோது அண்ணா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. 16 மாடுகளும் இறங்க இரண்டு மணி நேரம் ஆனது. அதில் ஒரு காலும் முறியவில்லை.

என்ன பார்த்தோம்

வற்றிப்போன கலப்பினக் கறவைகள் 8, அதில் ஒன்று நிறை சினை. ஜெர்சி கலப்புக் கிடாரிகள் 2, காளைக் கன்றுகள் 4, கிழட்டுக் காங்கேயம் எருதுகள் 2, ஒன்று மயிலை (சாம்பல் நிறம்), ஒன்று செவலை (செந்நிறம்). மயிலை இறங்கியதும் படுத்தது, மறுபடி எழவில்லை.

விலா எலும்பு எண்ணலாம் போல எல்லாமே ஒட்டிக் கிடந்தன. இடப்பக்கம் கடைசி விலாவுக்குப் பின்னால் இருக்கும் பள்ளம், தீனி தின்ற மாட்டுக்கு நிரம்பியிருக்கும் இடம், இவற்றில் ஒரு கை அடங்கும் அளவுக்குக் குழிந்திருந்தது. எத்தனை நாளாகத் தீனி இல்லை என்று யாராலும் சொல்ல முடியவில்லை. சாணம் கொஞ்சமாக, காய்ந்து, உருண்டையாக வந்ததை வைத்து மூன்று நாளாவது இருக்கும் என்றார் எங்கள் கால்நடை டாக்டர். மூன்றின் வால் நடுவில் ஒடிந்திருந்தது, எழுப்புவதற்காக முறுக்கியது. ஒரு கறவைக்குக் கொம்படியில் புழு வைத்திருந்தது, அதை டர்பன்டைன் எண்ணெய் ஊற்றி அன்றே எடுத்தோம்.

எடுத்த முடிவுகள், காரணங்கள்

முதல் முடிவு தண்ணீர். தொட்டியைத் திறந்துவிடவில்லை. நெடுநேரம் தாகத்தில் இருந்த மாடு ஒரே மூச்சில் வயிறு முட்டக் குடித்தால் ரத்தத்தில் உப்பு சட்டென்று நீர்த்துப்போய் வலிப்பு வரும். அதனால் கொஞ்சம் உப்புப் போட்டு, கால் வாளி, கால் வாளியாக, இடைவெளி விட்டு விடியும் வரைக்கும் கொடுத்தோம். முட்டி மோதிக்கொண்டு வாளிக்கு வருபவற்றைத் தள்ளிவிடுவது கல்நெஞ்ச வேலை. ஆனால் அதைச் சரியாகச் செய்தோம்.

இரண்டாவது தீனி. முதல் மூன்று நாள் சோளத்தட்டும் வைக்கோலும் மட்டும், அதுவும் பிரித்துப் பிரித்து. நாலாம் நாளிலிருந்து கொஞ்சம் பசுந்தீவனம். தவிடு, புண்ணாக்கு, அரிசி, பழம் எதுவும் பத்து நாளைக்குக் கிடையாது. இதன் காரணத்தை விரித்துச் சொல்ல வேண்டும், தவறு நடந்தது இங்கேதான்.

மாட்டின் முதல் வயிற்றில் கோடிக்கணக்கான நுண்ணுயிர்கள் இருக்கின்றன, தட்டையும் புல்லையும் மாட்டுக்காகச் செரிப்பவை அவைதான். தீனி இல்லாமல் கிடந்தால் அவை குறைந்துபோகும். அந்த நேரத்தில் அரிசி, வெல்லம், வாழைப்பழம் மாதிரி மாவும் சர்க்கரையும் உள்ளே போனால் லாக்டிக் அமிலம் உண்டாக்குகிற கிருமிகள் சில மணி நேரத்தில் பெருகி மற்றவற்றை அழித்துவிடும். வயிறு புளித்துவிடும். அந்த அமிலம் உடம்பிலுள்ள நீரை வயிற்றுக்குள் இழுக்கும், ரத்தம் கெட்டிப்படும், மாடு நின்றபடியே வறண்டுபோகும். அசிடோசிஸ் என்பார்கள். நன்றாகத் தின்று வாழ்கிற மாட்டுக்கே திடீரென்று அரிசி நிறையக் கொடுத்தால் இது வரும், பட்டினி கிடந்த மாட்டுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

மூன்றாவது தனிமை. கோமாரியோ தோல் கழலை நோயோ எதுவானாலும் அறிகுறி தெரிய வாரங்கள் ஆகலாம், அதனால் புது மாடுகள் 30 நாள் தனிக்கொட்டகையில். வாசலில் சலவை சோடா கரைத்த தொட்டி, அதில் கால் நனைத்துத்தான் உள்ளே வெளியே போக வேண்டும். எங்கள் தனிக்கொட்டகை கேட்டுக்குப் பக்கத்தில், தோப்பின் முதல் கட்டடமாக இருக்கிறது. யோசித்துத்தான் அங்கே கட்டினோம், லாரி வெகுதூரம் உள்ளே வராமல், பழைய மாடுகளின் வழியைத் தொடாமல் இறக்கலாமே என்று. நோயைப் பழைய மாடுகளிடமிருந்து தள்ளி வைத்தோம். அதே கையோடு, மிகப் பலவீனமான மாடுகளை வெளியாட்களுக்கு மிக அருகில் வைத்துவிட்டோம் என்பது உறைக்கவில்லை.

இந்த முடிவுகளை நானும் அண்ணாவும் டாக்டரும் எருக்குழி ஓரத்தில் நின்று பேசி எடுத்தோம். மற்ற மூன்று பேருக்கும் "தட்டு மட்டும் போடுங்க" என்று சொன்னேன். ஏன் என்று சொல்லவில்லை. எங்கேயும் எழுதி ஒட்டவும் இல்லை.

புதன்கிழமை, ஆடி அமாவாசை

முன்னோருக்குத் திதி கொடுத்துவிட்டு மாட்டுக்கு அகத்திக்கீரையும், பச்சரிசி வெல்லமும், வாழைப்பழமும் கொடுப்பது நம் ஊர்களில் இருக்கும் வழக்கம். எங்களுக்கு அது வருடத்தில் ஆட்கள் அதிகம் வரும் நாள். பழைய மாடுகள் கீரைக்குப் பழகியவை, எப்படிப் பரிமாற வேண்டும் என்று எங்களுக்கும் தெரியும், வழக்கமாக அண்ணா நின்று பார்த்துக்கொள்வார். அன்று அண்ணா தன் அப்பாவுக்குத் திதி கொடுக்கப் போயிருந்தார். நான் வழக்குக் காகிதங்களோடு மாஜிஸ்திரேட் கோர்ட்டில் இருந்தேன். கேட்டில் இருந்தது 19 வயதுத் தம்பி ஒருவன், வேலைக்குச் சேர்ந்து இரண்டு மாதம்.

பதினொரு மணிக்கு ஒரு குடும்பம் வந்திருக்கிறது. வருடா வருடம் வருபவர்கள், நிறையக் கொடுத்தவர்கள், அந்த வருடம்தான் அப்பா காலமாகி முதல் அமாவாசை. ஊறவைத்து அரைத்த பச்சரிசியில் வெல்லம் கலந்து இரண்டு பெரிய அண்டா. கேட்டுக்குள் நுழைந்ததும் அவர்கள் கண்ணில் பட்டது எலும்பும் தோலுமாக நிற்கும் புது மாடுகள். யாருக்குத்தான் மனசு கேட்கும்? முன்வரிசையில் கட்டியிருந்த நான்கின் முன்னால் அண்டாவைச் சாய்த்திருக்கிறார்கள்.

பிறகு தம்பியிடம் கேட்டபோது அவன் அழுதுகொண்டே சொன்னது: "அக்கா, அவங்க வருசா வருசம் குடுக்கறவங்க. அந்தம்மா கையெடுத்துக் கும்பிட்டுட்டு மாட்டுக்கு ஊட்டுறாங்க. நான் எப்படிக்கா வேண்டாங்கறது?"

நான் மாலை ஆறு மணிக்கு வந்தேன். அண்டாவைக் கழுவிக் கவிழ்த்த ஈரம் தரையில் இருந்தது, பார்த்தேன், கேட்கவில்லை. நான்கு மாடுகளும் அமைதியாகப் படுத்திருந்தன. பாவம், இன்றைக்குத்தான் களைப்பாறுகின்றன என்று நினைத்து விளக்கை அணைத்தேன். வாயைப் பார்த்திருக்க வேண்டும். நிம்மதியாகப் படுத்த மாடு அசை போடும். இவற்றில் ஒன்றுகூட அசை போடவில்லை.

வியாழன் விடியற்காலை

நாலரைக்கு அண்ணா என் கதவைத் தட்டினார். கையில் வாழையிலைத் துண்டில் சாணம். சாம்பல் நிறத்தில் கூழாக, நுரையோடு, நடுவில் அரைபடாத அரிசிக் குருணை.

"மோந்து பாருங்க அம்மிணி. புளிச்ச வாடை. அரிசி தின்னுருக்குதுங்க."

ஓடினோம். கருப்பு வெள்ளைக் கறவை படுத்தபடி தலையை விலாப்பக்கம் மடக்கி வைத்திருந்தது, கண் குழிக்குள் போயிருந்தது, பல்லை நறநறவென்று கடித்தது. கிடாரிகளில் ஒன்று சாராயம் குடித்தவன் மாதிரி தள்ளாடியது. இடப்பக்கம் முஷ்டியால் அழுத்திவிட்டு விட்டால் பாதி நிரம்பிய குடம் குலுங்குவது போல உள்ளே தண்ணீர்ச் சத்தம். டாக்டர் வந்து சேர ஏழு ஆகும் என்றார். போனிலேயே அவர் சொன்னபடி, ஓரளவு நின்ற மூன்றுக்கும் சமையல் சோடாவைத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்தோம். வீட்டிலும் டீக்கடையிலும் பொறுக்கியது ஒரு கிலோகூடத் தேறவில்லை, அந்த நேரத்தில் எந்தக் கடையும் திறந்திருக்காது.

டாக்டர் குழாய் விட்டு வயிற்று நீரை எடுத்துச் சோதனைத் தாளில் தொட்டார். புளிப்பைக் காட்டும் அளவு பி.எச்., எண் குறையக் குறையப் புளிப்பு அதிகம். நல்ல மாட்டுக்கு அது 6லிருந்து 7 வரைக்கும் இருக்கும். கருப்பு வெள்ளைக்கு 4.5. மற்ற மூன்றுக்கும் 5லிருந்து 5.5க்குள்.

இங்கே ஒரு முடிவு எடுக்க வேண்டியிருந்தது. கருப்பு வெள்ளைக்கு மருந்து போதாது, வயிற்றைத் திறந்து உள்ளே இருப்பதை வெளியே அள்ளினால்தான் உண்டு, ஆனால் இந்த உடம்பு தாங்குமா என்பது சந்தேகம் என்றார் டாக்டர். இருப்பது ஒரு டாக்டர், ஒரு உதவியாள். அறுவையில் இறங்கினால் மற்ற மூன்றுக்கும் ஊசியும் டிரிப்பும் ஏற்ற ஆள் குறையும். முதல் இரண்டு மணி நேரம் மூன்றுக்கும், பிறகு அறுவை என்று தீர்மானித்தோம். பிழைக்க வாய்ப்புள்ளவற்றை முதலில் பார்ப்பது என்பது காகிதத்தில் எளிது. அந்த இரண்டு மணி நேரமும் கருப்பு வெள்ளையின் தலை தம்பியின் மடியில்தான் இருந்தது.

மூன்றுக்கும் நரம்பில் உப்புக் கரைசலும் சோடா மருந்தும், பி1 ஊசியும் போட்டார்கள். எங்கள் பழைய பசு ஒன்றின் வயிற்றிலிருந்து குழாய் வழியாக நீர் எடுத்து, சூடு ஆறும் முன் வடிகட்டி, மதியத்துக்கு மேல் இவற்றுக்கு ஊற்றினோம். செத்துப்போன நுண்ணுயிர்களுக்குப் பதிலாக உயிருள்ளவற்றை விதைப்பது மாதிரி. பார்க்க அருவருப்பாகத் தெரியலாம், ஆனால் அன்றைக்குச் செய்ததிலேயே மிகப் பயன்பட்டது இதுதான் என்பது என் எண்ணம்.

பத்து மணிக்குக் கருப்பு வெள்ளைக்கு இடப்பக்கம் மரத்துப்போக ஊசி போட்டுத் திறந்தார் டாக்டர். புளித்த மாவு முழங்கை வரைக்கும் வந்தது. அதற்கு அடியில் வேறொன்று: கேரி பேக்குகள், நைலான் கயிறு, ஒரு செருப்பு வார், எல்லாம் பின்னிப் பந்தாகி. ஈரத்தோடு நிறுத்தபோது 19 கிலோ. 2019 ஜனவரி 1 முதல் ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக் பைகள் தமிழ்நாட்டில் தடை. இந்த மாடு எந்த ஊர்க் குப்பையில் மேய்ந்ததோ. அரிசி தின்னாவிட்டாலும் அது நெடுநாள் இருந்திருக்காது என்று டாக்டர் சொன்னார், எனக்கு ஆறுதலுக்காக. உண்மையாகவும் இருக்கலாம். தையல் முடியும் முன்பே அது போய்விட்டது.

காளைக் கன்று ஒன்று வெள்ளி இரவு செத்தது. கிடாரியும் செவலைக் கறவையும் சனிக்கிழமை அசை போட ஆரம்பித்தன. அண்ணா அந்த இரண்டின் முன்னால் உட்கார்ந்து ஒரு உருண்டைக்கு எத்தனை மெல்லு என்று எண்ணிக்கொண்டிருந்தார்.

அதற்குப் பிறகு

பிடிபட்ட மாடுகள் வழக்குச் சொத்து என்பதால் செத்தாலும் நம் இஷ்டத்துக்குப் புதைக்க முடியாது. ஸ்டேஷனுக்குத் தகவல், அரசு கால்நடை மருத்துவரின் பிரேதப் பரிசோதனை, அதன்பிறகுதான் குழியும் சுண்ணாம்பும். அறிக்கையில் இரண்டுக்கும் காரணம் அசிடோசிஸ் என்றே எழுதச் சொல்லிக் கொடுத்தோம். லாரிப் பயணத்தின் விளைவு என்று மட்டும் போட்டால் வழக்குக்கு வலு என்று ஒருவர் யோசனை சொன்னார். நாங்கள் மறுத்தோம். எங்கள் பொறுப்பில் வந்த பின் எங்கள் கொட்டகையில் நடந்தது இது.

மயிலை எருதை நாலு மணி நேரத்துக்கு ஒருமுறை புரட்டிப் போட்டோம், வைக்கோல் மெத்தை மாற்றினோம், இரண்டு முறை பெல்ட் கட்டித் தூக்கினோம். ஒன்பதாம் நாள் இறந்தது. எட்டாம் நாள் இரண்டு கன்றுகளுக்குத் தோல் கழலை தெரிந்தது. பழைய மாடுகளுக்கு இதற்காகவே முன்பு ஆட்டம்மைத் தடுப்பூசி போட்டிருந்தோம், ஈ கடிக்காமல் இருக்க மாலையானால் வேப்பிலைப் புகை போட்டோம், ஒன்றுக்கும் பரவவில்லை. தனிமை முடிவு சரிதான் என்று காட்டியது இது.

சினை மாடு 23ஆம் நாள் கன்று போட்டது, பெண் கன்று.

பிழைத்த கிடாரிக்கு மூன்றாவது வாரம் முன்னங்கால் இரண்டும் நொண்ட ஆரம்பித்தது. அசிடோசிஸின் வால் அது, குளம்புக்குள் வீக்கம். வயிறு தேறியதும் ஆபத்து தாண்டிவிட்டது என்று நினைத்திருந்தோம், குளம்பைத் தினமும் தொட்டுப் பார்த்திருந்தால் சூட்டை முன்பே கண்டுபிடித்திருக்கலாம்.

அந்தக் குடும்பத்திடம் சொல்வதா வேண்டாமா என்று எங்களுக்குள் ஒரு வாரம் ஓடியது. அப்பா செத்த துக்கத்தில் இருப்பவர்கள் தலையில் இதையும் ஏற்றுவதா என்றது ஒரு பக்கம். சொல்லாவிட்டால் தைப் பொங்கலுக்கு வேறொரு கோசாலையில் இதையே செய்வார்களே என்றது இன்னொரு பக்கம். கடைசியில் நான் நேரில் போய்ச் சொன்னேன், தடுத்திருக்க வேண்டியது நாங்கள்தான், உங்களுக்குத் தெரிய வழியே இல்லை என்பதையும் சேர்த்து. மகன் ஒன்றும் பேசாமல் எழுந்து போய்விட்டார். அந்தம்மா, "மத்த ரெண்டும் எழுந்துருச்சாங்க?" என்று மட்டும் கேட்டார்.

என்ன மாற்றினோம்

தனிக்கொட்டகை இருந்த இடத்திலேயே இருக்கிறது, ஆனால் கேட்டை இடம் மாற்றிவிட்டோம். வருபவர்கள் இப்போது தோப்பின் மறுபக்கமாக வந்து பழைய மாடுகளிடம் போகிறார்கள். தனிக்கொட்டகையைச் சுற்றி ஆள் உயரத்துக்குக் கீற்றுத் தட்டி, பலவீனமான மாடு பார்வையில் பட்டால் கை தானாக நீளும் என்பதால்.

இன்ன தீனி, இத்தனை நாள், ஏன் என்று கொட்டகை வாசலில் கரும்பலகையில் எழுதுகிறோம், எழுதுவது அந்தத் தம்பி. புதுசாக வேலைக்கு வருபவர்களுக்கு முதல் நாளே சொல்லும் சொல் ஒன்று இருக்கிறது: "டாக்டர் வேண்டாம்னு சொல்லியிருக்காருங்க." முதலாளி வேண்டாம் என்றார் என்றால் கெஞ்சுவார்கள், டாக்டர் என்றால் நிறுத்திக்கொள்கிறார்கள். அமாவாசைக்கும் மாட்டுப் பொங்கலுக்கும் அண்ணாவும் நானும் ஒரே நேரத்தில் வெளியே போவதில்லை. சமைத்தது, அரைத்தது, பழம் எதுவும் வாங்குவதில்லை. கீரையும் சோளத்தட்டும் வாங்குகிறோம், அதுவும் கேட்டிலேயே. மருந்து அலமாரியில் சமையல் சோடா 10 கிலோ, சோதனைத் தாள், வயிற்றுக் குழாய் எப்போதும் இருக்கும். மண் அணைத்து ஒரு சாய்தளம் கட்டியாயிற்று.

நான் சொன்ன அந்தச் 'சரி'யைத்தான் இன்னும் முழுதாகத் தீர்க்கவில்லை. நாலு ஆளும் ஒரு டாக்டரும் வைத்துக்கொண்டு ஒரே இரவில் ஆறுக்கு மேல் எடுப்பதில்லை என்று எழுதி வைத்திருக்கிறோம், மீதியை எடுத்துக்கொள்ளக்கூடிய இரண்டு இடங்களோடு பேசி வைத்திருக்கிறோம். அதன்பிறகு ஒருமுறை ஒன்பது வந்தபோது மூன்றை அனுப்பினேன். லாரி திரும்பிப் போவதைப் பார்த்துக்கொண்டு நிற்பது சுலபமாக இல்லை.

இப்போதைய நிலை

வழக்கு நடக்கிறது. மாடுகளைத் திரும்பக் கேட்டு மனு போட்டார்கள். தீர்ப்பு வரும் வரை எங்களிடமே இருக்கட்டும் என்று கோர்ட் சொல்லியிருக்கிறது. 2017ஆம் ஆண்டின் வழக்கு விலங்குப் பராமரிப்பு விதிகளின்படி பராமரிப்புச் செலவை எதிர்த்தரப்பிடம் கேட்டிருக்கிறோம், இன்னும் ஒரு ரூபாய் வரவில்லை. 13 மாடுகளும் அந்தக் கன்றும் இருக்கின்றன.

அடுத்த ஆடி அமாவாசைக்கு அந்தம்மா மட்டும் வந்தார், ஒரு கட்டு அகத்திக்கீரையோடு. கேட்டில் தம்பி வாங்கிக்கொண்டு, எந்த மாட்டுக்குக் கொடுக்கலாம் என்று சொல்லி உள்ளே அழைத்துப் போனான். கிடாரிக்குக் குளம்பு சீவிச் சீவி நடை ஓரளவு வந்துவிட்டது, கல் தரையில் இன்னும் தயங்கும், அதனால் ஓடைப்பக்க மணலில்தான் கட்டுகிறோம். அவர் அங்கே போய் நெடுநேரம் நின்றார். கீரையை அவரே கொடுத்தார், நாலு நாலு கொத்தாக, அண்ணா போதும் என்று சொல்லும் வரைக்கும்.